முன்னிலையாகாமையால் வழக்குத் தள்ளுபடி

முன்னிலையாகாமையால் வழக்குத் தள்ளுபடி என்பது, வழக்குத் தொடுத்தவர் விசாரணை நாளில் நீதிமன்றத்தில் தோன்றாமையால் அவ்வழக்கு முடித்துவைக்கப்படுவதைக் குறிக்கும். இதில் நியாயம் யார் பக்கம் என்பது ஆராயப்படுவதில்லை. ஆகவே இந்திய உரிமையியல் நடைமுறைச் சட்டம், 1908 இவ்வாணையைத் தீர்ப்பாணையாகக் கருதுவதில்லை.

விதிகள்

இச்சட்டத்தின் 9ஆம் கட்டளை இரு நிலைகளைப் பிரித்துக் காட்டுகிறது.

* இரு தரப்பினரும் வராவிடில் வழக்கைத் தள்ளுபடி செய்யலாம் (விதி 3). காலவரம்பு கடவாதிருப்பின் வாதி புதிய வழக்குத் தொடுக்கலாம் (விதி 4).
* பிரதிவாதி வந்து வாதி மட்டும் வராவிடில், பிரதிவாதி ஒப்புக்கொள்ளும் பகுதி நீங்கலாக வழக்கு தள்ளுபடியாகும் (விதி 8). அதே காரணத்திற்காக மீண்டும் வழக்குத் தொடுக்க இயலாது (விதி 9). நிலத் தகராறு ஒன்றில் ஒருநாள் வராமை, உரிமையையே இழக்கச் செய்யக்கூடும்.

மீட்பு

வராமைக்குப் போதிய காரணம் காட்டி, தள்ளுபடியான 30 நாட்களுக்குள் வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்குமாறு மனுச் செய்யலாம். தாமதத்தை மன்னிக்கும் அதிகாரத்தைக் காலவரம்புச் சட்டம், 1963இன் 5ஆம் பிரிவு நீதிமன்றத்திற்கு அளிக்கிறது.

உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள்

வழக்கறிஞர் வராத தவறுக்காகக் கட்சிக்காரர் துன்புறலாகாது என்று ரஃபிக் எதிர் முன்சிலால் (1981) வழக்கில் கூறப்பட்டது. குற்றவியல் மேல்முறையீட்டை, ஆவணங்களை ஆராயாமல், வராமைக்காக மட்டும் தள்ளுபடி செய்யலாகாது என்று பானி சிங் எதிர் உத்தரப் பிரதேச அரசு (1996) வழக்கில் தீர்ப்பளிக்கப்பட்டது.