கதிர்வீச்சு எங்கிருந்து வருகிறது?

கன்னியாகுமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் மோனசைட் என்ற கனிமம் கலந்திருக்கிறது. மோனசைட்டில் தோரியம் உண்டு. மலைப் பாறைகள் சிதைந்து, ஆறுகள் அரித்து வந்து, கடலலை சலித்து ஒதுக்கிய மணல் இது. 1909-இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானிய வேதியியலாளர், இப்பகுதியிலிருந்து ஏற்றுமதியான கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டறிந்தார். அணு உலைகள் தோன்றுவதற்கு வெகுகாலம் முன்பே இந்த மணல் கதிர்வீசிக்கொண்டிருந்தது.

காரணம், தோரியத்தின் அணுக்கரு நிலையற்றது. அது சிதைந்து வேறு தனிமமாகிறது, அதுவும் சிதைகிறது. கடைசியில் ஈயமாகி அடங்கும் வரை வழிநெடுக ஆல்ஃபா, பீட்டா துகள்களும் காமா கதிர்களும் வெளிப்படுகின்றன. ஆல்ஃபாவை ஒரு தாளே தடுத்துவிடும். ஆனால் மூச்சோடு நுரையீரலுக்குள் போய்விட்டால் அதுதான் மிகவும் கெடுதல். காமாவைத் தடுக்க ஈயமோ தடித்த கான்கிரீட்டோ வேண்டும். இவை மூன்றும் அணுவிலிருந்து எலக்ட்ரானைப் பிய்த்தெறிந்து, உயிரணுவின் மரபுப்பொருளைச் சேதப்படுத்த வல்லவை. செல்போன் கோபுர அலைகளுக்கு அந்த வலு கிடையாது. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது.

மணவாளக்குறிச்சிக்கு வெளியே இருப்பவர்களும் தப்பவில்லை. எல்லா மண்ணிலும் சிறிதளவு யுரேனியம் இருக்கிறது. அதன் வழியில் பிறக்கும் ரேடான் வாயு தரை வழியே வீட்டுக்குள் கசிகிறது. விண்வெளியிலிருந்து அண்டக் கதிர்கள் வருகின்றன. உணவில் வரும் பொட்டாசியம்-40 நம் உடலுக்குள்ளேயே நொடிக்குச் சுமார் 4,000 முறை சிதைகிறது. இயற்கையாக மட்டும் உலக மனிதர் ஒருவருக்கு ஆண்டுக்குச் சராசரியாக 2.4 மில்லிசீவர்ட் (உடல் பெறும் கதிர்வீச்சை அளக்கும் அலகு) கிடைக்கிறது. அதில் ஏறக்குறைய பாதி ரேடானால். கேரளத்தின் கருநாகப்பள்ளிக் கடற்கரையில் இதைவிடப் பல மடங்கு பெறுவோர் உண்டு. அவர்களைப் பல ஆண்டுகள் கவனித்து 2009-இல் வெளியான ஆய்வில், அதனால் புற்றுநோய் கூடியதாகத் தெரியவில்லை. எனவே கதிர்வீச்சு என்றதும் பதறாமல், எவ்வளவு என்று கேட்பதே முறை.

மருத்துவமனையில் அந்தக் கேள்வி இன்னும் அவசியம். நெஞ்சு எக்ஸ்ரேயில் கிடைப்பது 0.1 மில்லிசீவர்ட்டுக்குள், வயிற்று சிடி ஸ்கேனிலோ சுமார் 8. அல்ட்ராசவுண்டிலும் எம்ஆர்ஐயிலும் இந்த வகைக் கதிர்வீச்சே இல்லை. தேவையான ஸ்கேனை மறுக்காதீர்கள். ஆனால் பழைய படங்களைப் பத்திரப்படுத்தி மருத்துவரிடம் காட்டுங்கள். கருவுற்றிருக்கலாம் என்ற ஐயம் இருந்தால் படம் எடுக்கும் முன்பே சொல்லிவிடுங்கள்.