மரக்காணம் கரையில் உப்பும் நெல்லும்

எக்கியார்குப்பத்தின் கடலோர மணல்மேட்டைக் கடந்தால் நிலம் தாழ்கிறது. மரக்காணம் உப்பளங்களும் கழுவெளி ஏரியும் இத்தாழ்நிலத்தில் அமைந்தவை. மழைக்காலத்தில் மேட்டு ஏரிகளின் உபரிநீர் கழுவெளியில் சேர்ந்து கடலுக்கு வடியும். கோடையில் கடல்நீர் முகத்துவாரம் வழியே உள்ளே ஏறும். ஒரே வட்டாரத்தில் உப்பும் நெல்லும் விளைவது இதனால்தான்.

உப்பளத்தார் உவர்நீரைப் பாத்தி மாற்றி வெயிலில் காயவிடுவர். போமே அளவில் சுமார் 25 பாகையில் உப்பு படியும். 29-ஐத் தாண்டினால் மக்னீசிய உப்புகள் சேர்ந்து கசக்கும். அந்நீரை வடித்துவிட வேண்டும். பக்கிங்காம் கால்வாயில் படகுகள் ஓடிய காலத்தில் உப்பு நீர்வழியே சென்னைக்குப் போயிற்று.

நெல் பயிரிடுவோர் கவலை வேறு. கிணற்றில் அளவுமீறி இறைத்தால் நன்னீர் குறைந்து உவர்நீர் புகும். பின்னர் மீட்பது எளிதன்று. விதைக்குமுன் கிணற்று நீரைச் சோதித்து, உவர் கண்டால் கோ 43 போன்ற தாங்கும் இரகத்தைத் தேர்ந்தெடுக்கலாம்.