ஏழு வயதில் சொன்ன பதில்

1964-இல் பிரிட்டனின் கிரனடா தொலைக்காட்சி, ஏழு வயதுப் பிள்ளைகள் 14 பேரைக் கேமரா முன் பேசவைத்தது. வசதியான வீட்டுப் பிள்ளைகள், தொழிலாளர் வீட்டுப் பிள்ளைகள், விடுதியில் வளர்ந்தவர்கள் எல்லோரும் அதில் இருந்தார்கள். பிறந்த வர்க்கம்தான் ஒருவரின் எதிர்காலத்தைத் தீர்மானிக்கிறது என்று காட்ட நினைத்தது அந்த ‘செவன் அப்’. ஒரே படத்தோடு முடிந்திருக்க வேண்டியது. அதற்குப் பிள்ளைகளைத் தேடிக்கொடுத்த மைக்கேல் ஆப்டெட், ஏழாண்டுக்கு ஒருமுறை அவர்களிடம் திரும்பிப் போனார். 2019-இல் வந்த ‘63 அப்’ ஒன்பதாவது படம்.

ஒவ்வொரு படத்திலும் பழைய காட்சிகள் வந்துவிடும். அதனால் இவர்கள் எவ்வளவு வளர்ந்தாலும் ஏழு வயதுப் பேச்சு கூடவே வந்தது. யார்க்‌ஷையர் பண்ணையில் பிறந்த நிக் ஹிட்சன், பெண் தோழியைப் பற்றிக் கேட்டதற்கு ‘அதற்கெல்லாம் பதில் சொல்ல மாட்டேன்’ என்று சொன்ன சிறுவன். அமெரிக்காவின் விஸ்கான்சினில் பேராசிரியரான பிறகும் அந்தச் சிறுவன் அவரை விடவில்லை. பந்தயக் குதிரை ஓட்டுபவராக ஆசைப்பட்ட டோனி வாக்கர், லண்டனில் டாக்சி ஓட்டினார். நிலவில் நடந்த பஸ் ஆல்ட்ரின் ஒருமுறை அவர் வண்டியில் ஏறியபோது, வெளியே நின்றவர் கையெழுத்து கேட்டது ஆல்ட்ரினிடம் அல்ல, தன்னிடம் என்று டோனி சொல்லியிருக்கிறார்.

புகழுக்கு மறுபக்கமும் உண்டு. ஆசிரியராக இருந்த பீட்டர், ‘28 அப்’ படத்தில் தாட்சர் அரசை விமர்சித்தார். பத்திரிகைகள் அவரை வறுத்தெடுத்தன. ஒதுங்கிவிட்டார். ‘56 அப்’புக்கு அவர் திரும்பி வந்தது, தன் இசைக்குழுவை நாலு பேருக்குத் தெரியப்படுத்த. அதை மறைக்காமல் சொல்லவும் செய்தார்.

நீலின் கதை வேறு. துறுதுறுவென்று இருந்த அந்தச் சிறுவன், 28 வயதில் வீடில்லாமல் ஸ்காட்லாந்தில் அலைந்தார். பிறகு, அந்த 14 பேரில் இன்னொருவரான புரூஸ் லண்டனில் தன் வீட்டில் அவரைத் தங்கவைத்தார். 42 வயதில் நீல் உள்ளாட்சி மன்ற உறுப்பினர். வாழ்க்கையைப் பதிவுசெய்ய வந்த கேமரா, இங்கே வாழ்க்கைக்குள்ளேயே நுழைந்து அதன் போக்கை மாற்றிவிட்டது.

ஏழு வயதில், எதற்குச் சம்மதிக்கிறோம் என்று யாருக்கும் தெரியாது. வளர்ந்த பிறகுதான் கணக்குக் கேட்க முடியும். ‘49 அப்’பில், அந்த 14 பேரில் ஒருவரான ஜாக்கி என்ற பெண் அதைத்தான் செய்தார். நீங்கள் கேட்கும் கேள்வியும் வெட்டி ஒட்டும் விதமும் என்னை வேறு ஆளாகக் காட்டுகின்றன என்று ஆப்டெட்டிடமே மல்லுக்கு நின்றார். 14 பேரில் நால்வர் மட்டுமே பெண்கள் என்ற குறையை ஆப்டெட்டும் ஒப்புக்கொண்டவர்தான். ஜாக்கியின் வாக்குவாதத்தை அவர் படத்திலேயே வைத்தார். வர்க்கத்தைப் பற்றிய பழைய வாதத்தைவிட, கேள்விக்கு ஆளானவர்கள் கேள்வி கேட்பவர்களாக மாறிய இந்த இடங்கள்தான் இத்தொடரின் பலம்.