வில்லுப்பாட்டு யாருக்கு?

வில்லுப்பாட்டுன்னா நம்மில் பலருக்கு டிவியில் பார்த்த சிரிப்பு நிகழ்ச்சிதான் ஞாபகம் வரும். உடன்குடி பக்கம் ஒரு கோயில் கொடைக்குப் போனா, இது வேற சமாச்சாரம்னு புரியும்.

கருவிகள் ஒன்றுதான்: மணி கட்டின நீள வில், அதை அடிக்க வீசுகோல், குடம், உடுக்கை, ஜால்ரா, கட்டை. ஆனா கொடையில் பாட்டு சாமிக்கு. முத்துப்பட்டன் கதையை எடுத்துக்குங்க. பிராமணன், சக்கிலியப் பெண்கள் பொம்மக்கா, திம்மக்காவைக் கட்டிக்கிட்டவன், மாடு திருட வந்தவங்களோட சண்டையில் செத்தவன். இன்னைக்குச் சாமி. அவன் சாகுற இடம் வரும்போது பாட்டு வேகமெடுக்கும், சாமியாடிக்கு அருள் வரும். நேரமாச்சுன்னு கதையைச் சுருக்க முடியாது.

மெக்சிகோவின் 'கொரிதோ'வும் கதைப்பாட்டுதான்; 1910 புரட்சியின் பஞ்சோ வில்லாவை இன்னும் பாடுறாங்க. ஆனா அவருக்கு யாரும் இப்படி ராத்திரி முழுக்கக் கொடை கொடுக்கிறதில்லை!

இதே வில்லில் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் காந்தி கதை பாடினார். அவரோடு இருந்த நெல்லைக்காரர் சுப்பு ஆறுமுகம் இதைச் சென்னை மேடைக்கும் வானொலிக்கும் கொண்டுபோனார். 2021இல் பத்மஸ்ரீ, 2022இல் மறைவு. நகரத்துக்கு இந்தக் கலை தெரிஞ்சதே பெரும்பாலும் அவரால்தான். ஆனா அங்கே எதிரில் சாமியாடி இல்லை, சபாதான். அதனால நகைச்சுவை கூடிச்சு, கதை சுருங்கிச்சு. என்னைக் கேட்டா, இது ரெண்டும் தனித்தனி பாணி.

கொடைக்குப் போறவங்க சாயங்காலம் கேட்டுட்டுக் கிளம்பிடாதீங்க. சாமக்கொடை வரைக்கும் இருங்க.