வெண்ணெய் மலையும் சிக்கோ மான்ஸ்ஹோல்ட்டும்

டீ ஆறுவதற்குள் தொடங்கிவிடுவோம். இன்று நான் சொல்லப்போகும் மனிதர் தேயிலைத் தோட்டத்தில் வேலை பார்த்தவர்தான். சிக்கோ மான்ஸ்ஹோல்ட் என்ற டச்சுக்காரர். இளவயதில் ஜாவாவுக்குப் போனார். அப்போது அது நெதர்லாந்தின் காலனி. காலனி ஆட்சி நடந்த விதம் மனதுக்கு ஒவ்வாமல் 1936இல் ஊர் திரும்பினார். பிற்காலத்தில் ஆறு ஐரோப்பிய நாடுகளின் விவசாயத்துக்கும் ஒரே கொள்கை வகுத்தவர் இவர். விளைபொருளுக்கு அரசு விலை உறுதி தந்தால் என்னென்ன நடக்கும் என்று யாராவது கேட்டால், இவருடைய கதையைத்தான் நான் முதலில் சொல்வேன்.

பிறந்தது 1908இல், நெதர்லாந்தின் வடகோடியில் இருக்கும் குரோனிங்கன் மாகாணத்தின் உல்ரும் என்ற ஊரில். விவசாயக் குடும்பம். அப்பா சோஷலிஸ்ட் கட்சிக்காரர். நிலம் வைத்திருந்தவர்களின் வீட்டிலேயே உழைப்பாளிகளின் அரசியலும் பேசப்பட்டது. மகனுக்கு விவசாயம் செய்ய ஆசை. ஜாவாவிலிருந்து திரும்பியபின், வீரிங்கர்மேர் என்ற இடத்தில் ஒரு பண்ணை கிடைத்தது. அந்த நிலம் சில ஆண்டுகளுக்கு முன்புவரை கடல். கரை கட்டி, தண்ணீரை இறைத்து, 1930இல் தரையாக்கிய சுமார் 20,000 ஹெக்டேர்.

இரண்டாம் உலகப்போரில் ஜெர்மனி நாட்டைப் பிடித்தபோது மான்ஸ்ஹோல்ட் எதிர்ப்பு இயக்கத்தில் சேர்ந்தார். தேடப்பட்டவர்களை மறைத்துவைத்தார். 1945 ஏப்ரலில், தோல்வியின் விளிம்பில் இருந்த ஜெர்மானியப் படை வீரிங்கர்மேரின் கரையை வெடிவைத்து உடைத்தது. பயிர் நின்ற நிலம் முழுவதும் மறுபடி தண்ணீருக்குள் போனது.

அதற்கு முந்தைய குளிர்காலத்தை நெதர்லாந்தில் இன்றும் பசிக் குளிர்காலம் என்றே சொல்கிறார்கள். மேற்குப் பகுதி நகரங்களுக்கு உணவு போகாதபடி ஜெர்மானியர்கள் தடுத்தார்கள். மக்கள் துலிப் கிழங்கையும் சர்க்கரை பீட் கிழங்கையும் வேகவைத்துத் தின்றார்கள். சுமார் 20,000 பேர் இறந்தார்கள். செழிப்பான, படித்த, மேற்கு ஐரோப்பாவில் இருக்கும் ஒரு நாட்டில் இது நடந்தது. இதை மறந்துவிட்டு மான்ஸ்ஹோல்ட்டின் கொள்கையை யாரும் எடைபோடக் கூடாது என்பது என் கருத்து.

போர் முடிந்ததும், 1945 ஜூனில், பிரதமர் ஸ்கெர்மர்ஹோர்ன் இவரை அழைத்து விவசாயம், மீன்வளம், உணவு வழங்கல் துறைகளின் அமைச்சராக்கினார். வயது 36. அடுத்தடுத்து அமைந்த ஆறு அமைச்சரவைகளிலும் அந்தத் துறை இவரிடமே இருந்தது. முதல் வேலை நாட்டுக்குச் சோறு போடுவது. விவசாயிக்கு விலை உறுதி கொடுத்தார், சிதறிக் கிடந்த துண்டு நிலங்களை ஒன்றாக்கும் திட்டங்களை ஊக்குவித்தார், இயந்திரங்களை வரவேற்றார். 1950இலேயே மேற்கு ஐரோப்பாவுக்கு ஒரே விவசாயச் சந்தை வேண்டும் என்று ஒரு திட்டம் வைத்தார். அப்போது அதை ஏற்க யாரும் தயாராக இல்லை.

1957இல் ரோம் ஒப்பந்தம் கையெழுத்தானது. பிரான்ஸ், மேற்கு ஜெர்மனி, இத்தாலி, நெதர்லாந்து, பெல்ஜியம், லக்சம்பர்க் ஆகிய ஆறும் ஒரே பொதுச் சந்தையாகச் சேர்ந்தன. 1958 தொடக்கத்தில் மான்ஸ்ஹோல்ட் அமைச்சர் பதவியை விட்டு, அதை நிர்வகிக்கப் பிரஸ்ஸல்ஸில் புதிதாகத் தொடங்கிய ஐரோப்பிய ஆணையத்தில் விவசாயப் பொறுப்பாளரானார். அங்கே பதினைந்து ஆண்டுகள்.

இப்போது அந்தக் கொள்கை எப்படி வேலை செய்தது என்று பார்ப்போம். கொஞ்சம் பொறுமை வேண்டும். எண்கள் புரிவதற்காக நான் வைத்துக்கொண்டவை.

உலகச் சந்தையில் ஒரு மூட்டை கோதுமை 60 ரூபாய் என்று வையுங்கள். ஐரோப்பிய விவசாயிக்குக் கட்டுப்படியாகும் விலை 100. ஆறு நாடுகளும் கூடி 100 என்று முடிவு செய்கின்றன. வெளியிலிருந்து 60க்கு வரும் கோதுமைக்கு எல்லையில் 40 வரி. உலக விலை 50க்கு இறங்கினால் வரி 50 ஆக ஏறும். ஆகவே வெளிச்சரக்கு எந்த நாளும் மலிவாக உள்ளே வர முடியாது. உள்ளூரில் விளைச்சல் கூடி விலை சரியத் தொடங்கினால், குறிப்பிட்ட விலைக்கு அரசே வாங்கிக் கிடங்கில் வைக்கும். கிடங்கும் நிரம்பினால்? வெளிநாட்டுக்கு 60க்கு விற்கும் ஏற்றுமதியாளருக்கு மீதி 40ஐப் பொதுப்பணத்திலிருந்து கொடுக்கும். விவசாயியின் பக்கம் நின்று பாருங்கள்: எவ்வளவு விளைவித்தாலும் வாங்க ஆள் உண்டு, விலையும் முன்கூட்டியே தெரியும்.

இந்த ஏற்பாட்டை ஆறு நாட்டு அமைச்சர்களிடமும் ஒப்புக்கொள்ள வைப்பதற்குள் மான்ஸ்ஹோல்ட் படாத பாடு பட்டார். 1961 டிசம்பர் 31க்குள் முடிவெடுத்தாக வேண்டும் என்று கெடு. முடியவில்லை. கெடு தாண்டாதது போலக் காட்டக் கடிகாரத்தை நிறுத்திவைத்துப் பேச்சைத் தொடர்ந்தார்கள். 1962 ஜனவரி 14 அன்றுதான் உடன்பாடு வந்தது. அதன் அதிர்வு அட்லாண்டிக்கைத் தாண்டியது. மலிவான அமெரிக்கக் கோழி இறைச்சிக்கு ஐரோப்பாவில் வரி ஏறியது. கோபமடைந்த அமெரிக்கா 1963 இறுதியில் பதிலடியாகச் சில பொருள்களுக்கு 25 சதவீத வரி போட்டது. அவற்றில் ஒன்று இலகுரக லாரி. கோழிச் சண்டை என்றோ ஓய்ந்துவிட்டது, லாரி மீதான வரி மட்டும் நீங்கவில்லை.

அடுத்த சிக்கல், விலை எவ்வளவு என்பது. ஜெர்மனியில் கோதுமை விலை அதிகம், பிரான்ஸில் குறைவு. குறைவாக வைத்தால் ஜெர்மன் விவசாயி வீதிக்கு வருவார். 1964 டிசம்பரில் டன்னுக்கு 425 மார்க் என்று முடிவானது. ஜெர்மானியருக்கு அது குறைவு, பிரெஞ்சுக்காரருக்கு நல்ல லாபம். எல்லா நோயும் இங்கேதான் தொடங்கியது என்று நினைக்கிறேன். விலையை அரசியல்வாதிகள் கூடி நிர்ணயித்தார்கள். உயர்த்துவது எளிது, இறக்க எவருக்கும் துணிவில்லை. அந்த விலைக்கு விளைச்சல் பெருகிக்கொண்டே போனது. பாலில் இன்னும் மோசம். வாங்க ஆளில்லாத வெண்ணெய் குளிர்கிடங்குகளில் குவிந்தது. வெண்ணெய் மலை என்று பத்திரிகைகள் அதற்குப் பெயரிட்டன.

இன்னொரு கணக்கும் உண்டு. மூட்டைக்கு 40 ரூபாய் கூடுதல் கிடைக்கிறது என்றால், பத்து மூட்டை விற்பவருக்கு 400. ஆயிரம் மூட்டை விற்பவருக்கு 40,000. சிறு விவசாயியின் பெயரைச் சொல்லி ஏற்றிய விலை, பெரும்பண்ணைக்காரரின் வீட்டுக்கே போனது. சிறியவர் அதே இடத்தில் நின்றார்.

இதை முதலில் உரக்கச் சொன்னவர்களில் மான்ஸ்ஹோல்ட்டே ஒருவர். அவர்மீது எனக்கு மதிப்பு வந்தது இந்த இடத்தில்தான். 1968 டிசம்பரில், தான் கட்டிய ஏற்பாடு இப்படியே ஓட முடியாது என்று ஓர் அறிக்கையை முன்வைத்தார். விலையை மட்டும் ஏற்றிச் சிறு பண்ணையைக் காப்பாற்ற முடியாது என்பது அதன் சாரம். 1980க்குள் 50 லட்சம் பேர் விவசாயத்திலிருந்து வெளியேற வேண்டும், 50 லட்சம் ஹெக்டேர் நிலத்தைச் சாகுபடியிலிருந்து விலக்க வேண்டும், மிஞ்சும் பண்ணைகள் பெரிதாக வேண்டும். தானியம் என்றால் 80 முதல் 120 ஹெக்டேர், பால் என்றால் 40 முதல் 60 மாடு. வெளியேறும் முதியவர்களுக்கு ஓய்வூதியம், இளையவர்களுக்கு வேறு தொழிலில் பயிற்சி.

ஊர் கொதித்தது. ஜெர்மனியில் அவரை விவசாயிகளைக் கொல்பவர் என்றார்கள். 1971இல் பெல்ஜிய விவசாயிகள் அமைச்சர்கள் கூடியிருந்த அறைக்குள்ளேயே மாடுகளைக் கொண்டுபோய் நிறுத்தினார்கள். அதே ஆண்டு மார்ச் 23 அன்று சுமார் ஒரு லட்சம் விவசாயிகள் பிரஸ்ஸல்ஸில் திரண்டார்கள். கலவரத்தில் ஒருவர் உயிரிழந்தார். 1972இல் திட்டத்தின் சில துண்டுகள் மட்டும் சட்டமாயின.

அந்தக் கோபம் நியாயமானது. தலைமுறை தலைமுறையாக உழுத நிலத்தை ஓர் அலுவலக அறிக்கை உபரி என்று சொன்னால் யார் பொறுப்பார்கள்? ஆனால் அறிக்கை முடங்கியதால் வெளியேற்றம் நிற்கவில்லை. 1950இல் நெதர்லாந்தில் 4 லட்சத்துக்கும் மேல் பண்ணைகள் இருந்தன. இன்று சுமார் 50,000. அவர் எதிர்பார்த்த வெளியேற்றம் நடந்தேறியது. அவர் விரும்பிய அளவு ஓய்வூதியமும் பயிற்சியும்தான் பலருக்குக் கிடைக்காமல் போயின.

அதே 1972 பிப்ரவரியில் அவர் இன்னொரு திருப்பம் எடுத்தார். வளர்ச்சிக்கு எல்லை உண்டு என்று அமெரிக்க ஆய்வாளர்கள் கணக்கிட்ட ஆவணத்தைப் படித்துவிட்டு, ஆணையத் தலைவர் மால்ஃபாட்டிக்கு ஒரு கடிதம் எழுதினார். உற்பத்தி பெருகிக்கொண்டே போக முடியாது, நுகர்வைக் குறைத்தாக வேண்டும், பொருளாதாரத்தை வேறு அளவுகோலால் அளக்க வேண்டும் என்றார். பிரெஞ்சுக் கம்யூனிஸ்ட் தலைவர் ஜார்ஜ் மார்ஷே அதைப் பகிரங்கப்படுத்தி, மக்களின் வாழ்க்கைத் தரத்தைக் குறைக்கும் சதி என்று தாக்கினார். அதற்குள் மால்ஃபாட்டி இத்தாலியத் தேர்தலுக்காக விலகியிருந்தார். 1972 மார்ச்சிலிருந்து 1973 ஜனவரி தொடக்கம் வரை மான்ஸ்ஹோல்ட்டே ஆணையத்தின் தலைவர். பிரிட்டன், அயர்லாந்து, டென்மார்க் சேரும் வேலை நடந்த மாதங்கள் அவை.

பெரிய பண்ணை என்ற அவருடைய மருந்தை நான் முழுமையாக ஏற்கவில்லை. மண்ணுக்கும் நீருக்கும் அது என்ன செய்யும் என்ற கணக்கு 1968 அறிக்கையில் போதுமான அளவு இல்லை. அந்தக் குறையை அவரே பிற்காலத்தில் உணர்ந்து, சுற்றுச்சூழலைக் கெடுக்காத விவசாயத்துக்காகப் பேசினார். பதவி ஓய்வுக்குப் பிறகு ட்ரென்தே மாகாணத்தின் வாப்ஸர்வேன் கிராமத்தில் வாழ்ந்து, 1995 ஜூனில் காலமானார்.

அவர் வகுத்த கொள்கையும் மெல்ல மாறியது. பால் உற்பத்திக்கு உச்சவரம்பு 1984இல் வந்தது. 1992இல் தானிய விலையைக் குறைத்து, அதற்கு ஈடாக நிலத்தின் பரப்பைக் கணக்கிட்டு விவசாயியின் கையில் நேரடியாகப் பணம் கொடுக்கத் தொடங்கினார்கள். அதிலும் நிலம் அதிகம் வைத்திருப்பவருக்கே அதிகம் போகிறது.