ஒத்திசைந்த கோப்புகளும் ஒதுக்கி வைக்கப்படாத பிரதிகளும்

மலையகத்தில் ஒரு மனிதனின் உரிமை பெரும்பாலும் ஒரு காகிதத்திலேயே தங்கியிருக்கின்றது. பெயரில் ஓர் எழுத்து மாறியிருந்தாலே ஊழியர் சேமலாப நிதியைப் பெறுவதற்கு அலைந்து திரிய வேண்டியிருக்கும். 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் வரும்வரை பிரஜாவுரிமைப் பத்திரமின்றி வாழ்ந்த ஒரு சமூகத்திற்கு இதனை நாம் விளக்கத் தேவையில்லை. மடுல்கெல்ல போன்றதொரு தோட்டப் பிரதேசத்தில் செக்ரோல் பதிவேடு, பாடசாலையின் சேர்வு இடாப்பு, பள்ளிவாசல் நிர்வாக சபையின் குடும்பப் பதிவேடு ஆகியவை வெறும் கணக்குகள் அல்ல. அவை சாட்சிகளாகும். இச்சாட்சிகள் இன்று படிப்படியாகக் கணினிக்குள் குடிபுகுந்து வருகின்றன.

2025 நவம்பர் இறுதியில் வீசிய டித்வா சூறாவளியின்போது கண்டி மாவட்டத்தின் மலைச்சரிவுகளில் நிகழ்ந்த மண்சரிவுகள், ஒரே இடத்தில் மாத்திரம் வைக்கப்பட்டுள்ள ஆவணத்தின் கதி என்னவாகும் என்ற கேள்வியை மீண்டும் எழுப்பின. அலுவலகக் கணினியிலுள்ள கோப்பு தானாகவே வேறோரிடத்திலும் பதிவாகிவிட்டால் கவலை தீர்ந்தது என்றே பலரும் கருதுகின்றனர். இக்கருத்து பாதியளவே சரியானது. மீதிப் பாதியை விளங்கிக் கொள்வதற்கு, இவ்வேலையைக் கணினிக்குள் செய்பவை எவை என்பதைச் சற்று அறிந்திருத்தல் நன்று.

மைக்ரோசொப்ட் நிறுவனம் 2013ஆம் ஆண்டு விண்டோஸ் 8.1 பதிப்புடன் 'வேர்க் போல்டர்ஸ்' என்ற வசதியை அறிமுகப்படுத்தியது. ஊழியர் ஒருவரின் பணிக் கோப்புகள் அவரது மேசைக் கணினியிலும், மடிக்கணினியிலும், நிறுவனத்தின் சேர்வர் எனப்படும் தலைமைக் கணினியிலும் ஒரே நிலையில் இருக்கும்படி இது பார்த்துக் கொள்கின்றது. ஓரிடத்தில் திருத்தினால் மற்றைய இடங்களிலும் திருத்தம் சென்று சேரும். இதுவே ஒத்திசைவு எனப்படுகின்றது. ஒரே கோப்பை இரு கணினிகளில் ஒரே நேரத்தில் மாற்றிவிட்டால், ஒன்றை அழித்துவிடாமல், கணினியின் பெயரைச் சேர்த்து இரண்டையும் இது வைத்திருக்கும். சில குமாஸ்தாக்களை விடவும் இது நிதானமானது எனலாம்.

இவ்வசதி ஒரே மென்பொருளாக இயங்குவதில்லை. டி.எல்.எல். எனப்படும் நூலகக் கோப்புகள் சில அதன் பின்னால் உள்ளன. பல மென்பொருள்கள் தேவைப்படும்போது எடுத்துப் பயன்படுத்தும் கட்டளைத் தொகுதிகளே நூலகக் கோப்புகளாகும். ஒரு நூலகத்தின் புத்தகத்தை ஊரார் பலரும் வாசிப்பது போன்றதே இது. இவற்றுள் 'வேர்க்போல்டர்ஸ்எஸ்விசி' என்ற கோப்பு திரைக்குப் பின்னால் ஒத்திசைவை நடத்துகின்றது. 'வேர்க்போல்டர்ஸ்ஷெல்' என்பது நாம் திரையில் காணும் கோப்புறையுடன் அதனை இணைக்கின்றது. இவை விண்டோஸின் 'சிஸ்டம்32' என்ற கோப்புறையில், இயங்குதளத்தின் பாகங்களாகவே அமைந்துள்ளன.

இவற்றுள் ஒன்று பழுதடைந்தால் 'டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை' என்ற அறிவித்தல் திரையில் தோன்றும். ஆபத்து தொடங்குமிடம் இதுவே. பதற்றமடைந்தவர் அக்கோப்பின் பெயரை இணையத்தில் தேடுகின்றார். இலவசமாகத் தருவதாகக் கூறும் எவரோ ஒருவரின் தளத்திலிருந்து அதனை இறக்கி, இயங்குதளத்தின் உள்ளறைக்குள்ளேயே கொண்டுபோய் வைக்கின்றார். அக்கோப்பிற்குள் என்ன இருக்கின்றது என்பதை அவர் அறியார். வீட்டுத் திறப்பைத் தெருவில் போகின்றவரிடம் கொடுப்பதற்கும் இதற்கும் வேறுபாடு இல்லை. உண்மையில் விண்டோஸிலேயே இதற்கான பரிகாரம் உண்டு. நிர்வாகி உரிமையுடன் கட்டளைச் சாளரத்தைத் திறந்து 'எஸ்.எப்.சி.' என்ற கட்டளையை 'ஸ்கேன்நவ்' என்ற தெரிவுடன் இயக்கினால், பழுதான பாகங்களைத் தன்னிடமுள்ள நல்ல பிரதியிலிருந்து அது மீட்டுக் கொள்ளும்.

நூலகக் கோப்புகள் அனைத்தும் நலமாக இருக்கும்போதும் ஓர் ஆபத்து எஞ்சியுள்ளது. ஒத்திசைவு என்பது கண்ணாடி போன்றது. நாம் அழித்தால் அதுவும் அழிக்கும். கப்பம் கோரும் தீய மென்பொருளொன்று கணினிக்குள் புகுந்து கோப்புகளைப் பூட்டிவிட்டால், பூட்டப்பட்ட கோப்புகளே மற்றைய இடங்களுக்கும் விசுவாசமாகச் சென்று சேரும். கூகுள் டிரைவ், வன்டிரைவ் போன்ற சேவைகள் அழிக்கப்பட்ட கோப்பைக் குப்பைத் தொட்டியில் சில காலம் வைத்திருப்பது உண்மையே. தனிநபர் கணக்குகளில் அக்காலம் பொதுவாக 30 நாட்கள் மாத்திரமே. ஆண்டுக்கொரு முறை திறக்கப்படும் பதிவேட்டிற்கு 30 நாட்களால் என்ன பயன்?

தொடர்ந்து இணைப்பிலேயே இருக்கும் பிரதியை நம்பியிருந்ததன் விலையை எமது அரசாங்கமே கொடுத்துள்ளது. 2023 ஒகஸ்டில் இலங்கை அரசாங்க முகில் கட்டமைப்பு கப்பத் தாக்குதலுக்கு உள்ளானது. அமைச்சரவை அலுவலகத்தினது உட்பட ஏறத்தாழ 5,000 அரச மின்னஞ்சல் முகவரிகள் பாதிக்கப்பட்டன. மே 17 முதல் ஒகஸ்ட் 26 வரையிலான மின்னஞ்சல்கள் மீளக் கிடைக்கவில்லை. காப்புப் பிரதிகள் இருந்தன. ஆனால் அவையும் இணைப்பிலேயே இருந்தமையால் அவற்றையும் சேர்த்தே தாக்குதல் பூட்டிவிட்டது. அங்கு பயன்பாட்டிலிருந்த 'எக்ஸ்சேஞ்' மென்பொருளோ 2013ஆம் ஆண்டுப் பதிப்பாகும். அதற்கான பாதுகாப்புத் திருத்தங்களை மைக்ரோசொப்ட் 2023 ஏப்ரலிலேயே நிறுத்தியிருந்தது. நிதியின்மை காரணமாகக் கூறப்பட்டது. அந்த இழப்பை விடவும் புதிய பதிப்பு விலை கூடியதா என்பதை எவரும் கணக்கிட்டதாகத் தெரியவில்லை.

வசதி படைத்த நாடுகளும் இதற்கு விலக்கல்ல. தென்கொரியாவில் அரச ஊழியர்கள் தமது பணிக் கோப்புகளை அலுவலகக் கணினியில் வைக்காது 'ஜி டிரைவ்' என்ற பொதுக் களஞ்சியத்திலேயே சேமிக்குமாறு 2018இல் அறிவுறுத்தப்பட்டனர். 2025 செப்டெம்பர் 26இல் டேஜொன் நகரிலுள்ள அரச தரவு நிலையத்தில் மின்கலத்திலிருந்து மூண்ட தீ 858 டெராபைட் தரவுகளை விழுங்கியது. களஞ்சியம் மிகப் பெரியது என்பதால் அதற்கு வெளியில் பிரதியே எடுக்கப்பட்டிருக்கவில்லை.

எமது தோட்ட அலுவலகங்களோ, சனசமூக நிலையங்களோ, பள்ளிவாசல், கோவில் பரிபாலன சபைகளோ இத்துணை பெரிய தரவுகளை வைத்திருப்பதில்லை. அவற்றின் பல வருடப் பதிவுகள் ஒரு சிறிய வெளி வன்தட்டில் அடங்கிவிடும். விண்டோஸ் 10க்கான வழமையான இலவசத் திருத்தங்கள் 2025 ஒக்டோபர் 14உடன் நிறுத்தப்பட்டுள்ளமையால், அதில் இயங்கும் பழைய கணினிகளை இணையத்தில் இணைத்து வைத்திருக்கும் நிறுவனங்கள் மேலும் விழிப்பாயிருத்தல் வேண்டும். ஒத்திசைவை நிறுத்துமாறு நாம் கூறவில்லை. அது அன்றாட வேலைக்கு உகந்தது. அதற்கு மேலதிகமாக, வாரத்திற்கொரு முறை பிரதி எடுத்து, வன்தட்டின் இணைப்பைக் கழற்றி, கணினி இருக்கும் அதே அறையில் அன்றி, மண்சரிவு அபாயமற்ற வேறொரு கட்டடத்தில் அதனை வைக்க வேண்டும். அதிலிருந்து ஒரு கோப்பையேனும் அவ்வப்போது வேறொரு கணினியில் திறந்து பார்க்கவும் வேண்டும். இப்பொறுப்பு யாருடையது என்பதை அடுத்த நிர்வாகக் கூட்டத்திலேயே பெயர் குறிப்பிட்டு அறிக்கையில் பதிந்து கொள்ளலாம்.