குற்ற விசாரணையின் நடைமுறைப் பிழைகளும் மறுவிசாரணை ஆணையும்: இந்திய மேல்முறையீட்டுத் தீர்ப்புகள்வழி ஓர் ஆய்வு

முன்னுரை

குற்றவியல் மேல்முறையீட்டின் முடிவு தண்டனையை உறுதிசெய்வதாகவோ விடுதலை அளிப்பதாகவோ அமையும் என்பது பொதுவான எண்ணம். நடந்த விசாரணையை முற்றிலும் நீக்கி, வழக்கைத் தொடக்கத்திலிருந்து மீண்டும் நடத்துமாறு ஆணையிடும் மூன்றாவது வழியும் சட்டத்தில் உண்டு. அதுவே மறுவிசாரணை. தமிழ் வழக்கில் இச்சொல் காவல்துறையின் மறு புலனாய்வையும் சுட்டுவதுண்டு. இக்கட்டுரையில் நீதிமன்ற விசாரணை மீண்டும் நடத்தப்படுவதையே அது குறிக்கும். எத்தகைய நடைமுறைப் பிழை இவ்வாணைக்குக் காரணமாகிறது, அதன் சுமை யார்மீது விழுகிறது என்னும் இரு வினாக்களை இக்கட்டுரை ஆராய்கிறது.

சட்ட அடிப்படை

1973ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 386ஆம் பிரிவு மேல்முறையீட்டு நீதிமன்றத்திற்கு மறுவிசாரணை ஆணை பிறப்பிக்கும் அதிகாரத்தை அளித்தது. 2024 சூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதீய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இது 427ஆம் பிரிவாக இடம்பெற்றுள்ளது. இவ்வதிகாரத்திற்கு வரம்பிடுவது பழைய சட்டத்தின் 465ஆம் பிரிவு (புதிய சட்டத்தில் 511). நீதி தவறியுள்ளது என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் கருதினாலன்றி, நடைமுறைப் பிழையை மட்டுமே காட்டித் தீர்ப்பை மாற்றலாகாது என்பது அதன் சாரம். எதிர்வாதத்தை விசாரணையின் தொடக்க நிலையிலேயே எழுப்பியிருக்க இயலுமா என்பதையும் நீதிமன்றம் கருதவேண்டும். ஒரே குற்றத்திற்கு இருமுறை தண்டிக்கப்படாமைக்கான காப்பு மறுவிசாரணைக்குத் தடையாவதில்லை. முந்தைய தீர்ப்பு நீக்கப்பட்டுவிடுவதால், விசாரணை முற்றுப்பெற்றதாகக் கொள்ளப்படாமையே இதற்குக் காரணம்.

பிழையின் வகையும் விளைவும்

இக்கோட்பாட்டின் வரலாற்றில் சென்னை மாகாணத்திலிருந்து சென்ற இரு வழக்குகள் குறிப்பிடத்தக்கவை. 1901இல் பிரிவி கவுன்சில் தீர்த்த சுப்பிரமணிய ஐயர் வழக்கில், இரண்டாண்டுக் காலத்தில் நிகழ்ந்ததாகக் கூறப்பட்ட 41 செயல்கள் ஒரே விசாரணையில் சேர்க்கப்பட்டிருந்தன. ஓராண்டுக்குள் நிகழ்ந்த, ஒரே வகையான மூன்று குற்றங்களை மட்டுமே அவ்வாறு சேர்க்கச் சட்டம் இடமளித்தது. இம்மீறலை வெறும் முறைகேடாகக் கொண்டு சரிசெய்ய இயலாது எனக் கவுன்சில் கூறித் தண்டனையை நீக்கியது.

1946 இறுதியில் தீர்க்கப்பட்ட புலுகூரி கோட்டய்யா வழக்கில் அணுகுமுறை மாறியது. சாட்சிகள் காவல்துறையிடம் முன்னர் அளித்த வாக்குமூலங்கள் உரிய நேரத்தில் எதிரிகளுக்குக் கிடைக்கவில்லை. எனினும், விசாரணை பெருமளவு சட்டம் வகுத்த முறையிலேயே நடந்திருப்பின் இடையில் நேர்ந்த பிழை குணப்படுத்தத்தக்கதே என்று அதே கவுன்சில் முடிவு செய்தது. உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு 1955இல் வில்லி ஸ்லேனி வழக்கில் இதனை உறுதிப்படுத்தியது. குற்றச்சாட்டு வனைவில் குறை இருப்பினும், அதனால் எதிரிக்குப் பாதகம் நேர்ந்ததா என்பதே அளவுகோல் எனக் கொள்ளப்பட்டது. பிழை எவ்வகையினது என்னும் வினா பின்தள்ளப்பட்டு, அது எதிரிக்கு என்ன செய்தது என்னும் வினா முன்னுக்கு வந்தது.

விதிவிலக்கான அதிகாரம்

பாதகம் நிறுவப்பட்டாலும் மறுவிசாரணை தானாக விளைவதில்லை. 1963இல் உகா கோல்கே வழக்கில் உச்ச நீதிமன்றம் மூன்று சூழல்களைச் சுட்டியது: விசாரணை நீதிமன்றத்திற்கு அதிகாரவரம்பு இன்மை, உண்மையில் விசாரணையே நடக்கவில்லை எனத்தக்க கடும் பிழை, இன்றியமையாச் சான்றை அளிக்க முடியாதவாறு ஒரு தரப்பு தன்னால் தவிர்க்கவியலாத காரணத்தால் தடுக்கப்பட்டமை. அரசுத் தரப்பு விட்ட இடைவெளியை நிரப்ப மறுவிசாரணை ஒரு வாய்ப்பாகிவிடக்கூடாது. சிறு குறைகளுக்குக் கூடுதல் சான்று பெறும் அதிகாரமே போதுமானது.

இரு வழக்குகள்

2002 மார்ச் 1 அன்று வதோதராவில் 14 பேர் கொல்லப்பட்ட பெஸ்ட் பேக்கரி வழக்கில் 2003 சூனில் 21 எதிரிகளும் விடுவிக்கப்பட்டனர். குசராத் உயர் நீதிமன்றமும் அதனை ஏற்றது. சாட்சிகள் அச்சுறுத்தப்பட்ட நிலையில் நடந்த அவ்விசாரணையை ஏற்க மறுத்த உச்ச நீதிமன்றம், 2004 ஏப்ரலில் மகாராட்டிரத்தில் மறுவிசாரணை நடத்த ஆணையிட்டது. 2006இல் மும்பை நீதிமன்றம் ஒன்பது பேரைத் தண்டித்தது. 2012இல் உயர் நீதிமன்றம் அவர்களுள் நால்வரின் தண்டனையை மட்டும் உறுதிசெய்தது. நேர்மையான விசாரணை என்பது எதிரிக்கு மட்டுமன்றிப் பாதிக்கப்பட்டோர்க்கும் உரியது என்பதை இத்தீர்ப்பு நிலைநாட்டியது.

1997 தில்லிப் பேருந்துக் குண்டுவெடிப்பு வழக்கில் பாதகம் எதிரிக்கே நேர்ந்தது. 65 சாட்சிகளுள் 56 பேரின் சாட்சியம் அவருக்கு வழக்கறிஞர் இல்லாத நிலையில் பதிவாயிற்று. மரண தண்டனையும் விதிக்கப்பட்டது. 2012 சனவரியில் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் இருவரும் தண்டனையை நீக்குவதில் ஒன்றுபட்டனர், தீர்வில் வேறுபட்டனர். ஒருவர் மறுவிசாரணை வேண்டும் என்றார். நெடுங்காலச் சிறைவாசத்தைக் கருதி அது கூடாது என்றார் மற்றவர். மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு அதே ஆண்டு ஆகத்தில் மறுவிசாரணையைத் தேர்ந்து, மூன்று மாதக் காலவரம்பு விதித்தது. 2013 சனவரியில் விசாரணை நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது.

சுமையும் தீர்வும்

வழக்கறிஞரை அமர்த்தித் தரத் தவறியது நீதிமன்றம். அதற்கான விலையை 14 ஆண்டுகளுக்கு மேற்பட்ட சிறைவாசமாகக் கொடுத்தவர் எதிரி. எனினும், குறுக்கு விசாரணைக்கு வழி கிடைத்த பின்னரே சான்றின் உண்மை வலிமை வெளிப்பட்டது என்பதையும் மறுக்கவியலாது. ஆகவே, பிழை நேர்ந்ததா என்பதோடு நீதிமன்றத்தின் ஆய்வு நின்றுவிடலாகாது. பிழைக்கு யார் பொறுப்பு, எதிரி எவ்வளவு காலம் சிறையிலிருந்தார், சாட்சிகள் இன்னும் கிடைப்பார்களா, அவர்தம் நினைவு நம்பத்தக்கதாக எஞ்சியுள்ளதா என்பனவும் ஆராயப்பட வேண்டும்.

முடிவுரை

மறுவிசாரணை ஆணையின் நியாயம், முதல் விசாரணை எவ்வளவு பழுதுற்றது என்பதைப் பொறுத்தது மட்டுமன்று; இரண்டாவது விசாரணை அப்பழுதை நீக்க வல்லதா என்பதையும் பொறுத்தது. காலமும் சாட்சியமும் அதற்கு இடமளிக்கும்போது, காலவரம்புடன் கூடிய மறுவிசாரணை நீதியைக் காக்கிறது. அவை கடந்துபோன நிலையில் பிறப்பிக்கப்படும் ஆணை, நீதிமன்றத்தின் பிழைக்காக எதிரியை இரண்டாம் முறை வருத்துவதாகவே முடியும்.